நவம்பர் 12: சாலிம் அலி பிறந்தநாள்

நண்பர்களுக்கு வணக்கம். பறவையியலாளர் சாலிம் அலி பிறந்தது 1896 நவம்பர் 12. அன்று நம் குழுவில் அவரைப் பற்றி மட்டும் பேசுவோம்.

சிறுவயதில் ஏர்கன்னால் சுட்ட ஒரு சிட்டின் தொண்டையில் மஞ்சள் திட்டு இருந்தது. அது என்ன பறவை என்று கேட்கப் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்துக்குப் போனார். செயலாளர் மில்லார்ட் பதில் சொன்னதோடு, பாடம் செய்து வைத்திருந்த பறவைகளையும் திறந்து காட்டினார். பத்ம விபூஷண் வரை உயர்ந்தவருக்குப் படித்து வாங்கிய பல்கலைக்கழகப் பட்டம் கிடையாது.

எனக்கு மிகவும் பிடித்தது அவருடைய தூக்கணாங்குருவி ஆய்வுதான். 1930இல் வேலை இல்லாமல் கிஹிம் என்ற கடலோர ஊரில் தங்கியிருந்தபோது, வீட்டருகே இருந்த கூடுகளை நாள் முழுக்கக் கவனித்தார். ஆண் குருவி பாதிக் கூடு கட்டிவிட்டு இறக்கையடித்துப் பெண்ணை அழைக்கும். பெண் வந்து உள்ளே புகுந்து பார்க்கும். அதற்குப் பிடித்தால்தான் மீதி வேலையும் நுழைகுழாயும்! முடிந்த கையோடு ஆண் அடுத்த கூட்டைத் தொடங்கிவிடும், அடுத்த பெண்ணுக்காக. இத்தனையையும் பொறுமையாக உட்கார்ந்து பார்த்தே எழுதினார்.

அப்புறம் ராஜஸ்தானின் பரத்பூர் பறவைகள் சரணாலயம், கேரளத்தின் அமைதிப் பள்ளத்தாக்குக் காடு இரண்டையும் காப்பாற்றக் குரல் கொடுத்தார். நம் கோடியக்கரையில் பறவைகள் எங்கே போகின்றன என்று அறிய அவற்றின் காலில் வளையமிடும் பணியிலும் அவர் பங்கு பெரியது.

சரி, நவம்பர் 12 அன்று காலை ஒரு மணி நேரம் ஒரே இடத்தில் இருந்து பறவைகளைப் பாருங்கள். பார்த்ததை இடம், நேரத்தோடு இங்கே பதிவிடுங்கள். கூடு தென்பட்டால் தள்ளியே நின்று பாருங்கள், கூடு இருக்கும் இடத்தை மட்டும் பகிர வேண்டாம்.