விழுந்தவன் சொல்ல வேண்டியது

உச்சிப்புளி,
ஞாயிறு காலை

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். போனில் நான் ஏதாவது கேட்டால் நீ "ம்", "சரிப்பா" என்று முடித்துவிடுகிறாய். அம்மா கையில் கொடுத்தால் அவளுக்கும் அதே "ம்"தான். அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். பட்டாளத்தில் இருந்த காலத்தில் உன் அம்மாவுக்கு எழுதியது. அதற்கப்புறம் இவ்வளவு நீளமாக யாருக்கும் எழுதியதில்லை.

கம்ப்யூட்டரில் நீ ஆடுகிற அந்தத் துப்பாக்கிச் சண்டை ஆட்டம், கவுண்டர் ஸ்ட்ரைக், அதைப் பற்றித்தான் எழுத வேண்டும். நீ யூடியூபில் போடும் நேரலையை நான் பார்க்கிறேன், உனக்குத் தெரியாது. தங்கச்சிதான் போனில் எடுத்துக் கொடுத்தாள். ஆரம்பத்தில் ஒன்றும் புரியவில்லை. அவள் பக்கத்திலேயே இருந்து சொல்லிக் கொடுத்தாள்: ஐந்து பேருக்கு ஐந்து பேர், ஒரு அணி குண்டு வைக்க வேண்டும், மறு அணி தடுக்க வேண்டும், ஒரு ரவுண்டுக்கு 1 நிமிடம் 55 விநாடி, 12 ரவுண்டு முடிந்ததும் பக்கம் மாற வேண்டும், முதலில் 13 ரவுண்டு எடுத்தவர்களுக்கு வெற்றி. இப்போது அதில் வருகிற களங்களில் மிராஜ் எது, இன்ஃபெர்னோ எது என்று பார்த்ததும் சொல்லிவிடுவேன். இன்ஃபெர்னோவில் குண்டு வைக்கிற இரண்டு இடங்களில் ஒன்றான பி பக்கம் போகிற அந்த வளைந்த சந்து, பனானா என்கிறீர்களே, அதைப் பிடித்தவர்களுக்குப் பாதி வேலை முடிந்த மாதிரிதான். அதைப் பிடிக்க நீங்கள் கைக்குண்டும் நெருப்புக்குண்டும் செலவழிப்பது சரியான செலவு.

சும்மா சொல்லக்கூடாது, நீ நன்றாக நடத்துகிற ஆள். வெலிங்டனில் பயிற்சி எடுத்தபோது எங்கள் உஸ்தாத் தொண்டை வறளக் கத்துவார்: ஒருத்தன் சுடணும், ஒருத்தன் நகரணும், இரண்டு பேரும் ஒரே நேரத்தில் நகர்ந்தால் இரண்டு பேரும் காலி. யாரும் சொல்லித் தராமலேயே நீ அதைச் செய்ய வைத்தாய். போன தை மாதம் ஒரு ஆட்டத்தில் 4-8 என்று பின்தங்கியிருந்தீர்கள். பக்கம் மாறியதும் நீ பதறவில்லை. "யாரும் ஓடாதீங்க, பரவி நில்லுங்க, முதல்ல எங்கே எத்தனை பேருன்னு பார்ப்போம்" என்றாய். ஒவ்வொரு ரவுண்டிலும் முதல் அரை நிமிடம் யாரையும் தேடிப் போகவில்லை. மெதுவாக நடந்து, காலடிச் சத்தம் கேட்டு, அவர்கள் ஆள் குறைவாக இருக்கிற பக்கம் ஐந்து பேரும் சேர்ந்து போனீர்கள். 13-11. மறுநாள் டீக்கடையில் பெரியப்பாவிடம் இதை வரைந்தே காட்டினேன். அவருக்குப் புரிந்ததோ இல்லையோ, கேட்டுக்கொண்டிருந்தார்.

இப்போது உன் குரலே வருவதில்லை தம்பி.

போன சனிக்கிழமை மிராஜில் நடந்ததை எடுத்துக்கொள். ஏ பக்கம் குண்டு வைத்தாயிற்று. நீங்கள் இரண்டு பேர், எதிரி ஒருத்தன். குண்டு வெடிக்க 40 விநாடி. அவனிடம் கிட் என்கிற கருவி இல்லையென்றால் அதைச் செயலிழக்கச் செய்ய 10 விநாடி வேண்டும், இருந்தால் 5 விநாடி. எப்படியும் அவன்தான் உங்களிடம் வந்தாக வேண்டும். ஒருத்தன் ராம்ப் பக்கம், ஒருத்தன் பேலஸ் பக்கம், இரண்டு துப்பாக்கியும் குண்டைப் பார்த்து நின்றால் போதும். அவன் ஒருத்தனைச் சுட்டால் அந்த நொடியே மற்றவன் அவனைச் சுட்டுவிடலாம். நீ என்ன செய்தாய்? அவனைத் தேடித் தனியாகக் கனெக்டர் சந்துக்குள் போனாய். அங்கே போட்டிருந்த புகைக்குண்டின் புகைகூடக் கலையவில்லை. 2023-ல் வந்த இந்தக் கவுண்டர் ஸ்ட்ரைக் இரண்டில் புகைக்குள் கைக்குண்டு எறிந்தால் கொஞ்ச நேரம் விலகி வழி தெரியும் என்று நீதான் மற்றவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தாய். உன்னிடம் ஒன்று மிச்சமும் இருந்தது. எறியாமல் நடந்து போய் விழுந்தாய்.

அது போகட்டும். விழாத ஆள் கிடையாது. பேலஸில் நின்ற பையன் "அண்ணே, எங்கே இருந்து? எங்கே?" என்று கேட்டுக்கொண்டே இருந்தான். நீ பதில் சொல்லவில்லை. மைக்கைப் பூட்டவும் இல்லை, உன் அறை மின்விசிறி கிறீச்சிடுவது எனக்கே கேட்டது. அந்தப் பையன் எந்தப் பக்கம் பார்ப்பது என்று தெரியாமல் திரும்பித் திரும்பிப் பார்த்து, முதுகில் அடி வாங்கினான்.

விழுந்தவன் சொல்ல வேண்டும். எந்தப் பக்கம், எத்தனை பேர், அவனுக்கு அடி பட்டிருக்கிறதா. மூன்றே வார்த்தை. சொல்லிவிட்டு அமைதியாகிவிட வேண்டும், மிச்சமிருப்பவன் காலடிச் சத்தம் கேட்க வேண்டுமே. இதை நான் உனக்குச் சொல்லித் தரத் தேவையில்லை, நீ அவர்களுக்குச் சொன்னதைத்தான் திருப்பிச் சொல்கிறேன்.

அப்புறம் பணம். ஆட்டத்துப் பணத்தைச் சொல்கிறேன். ஆரம்பத்தில் ஆளுக்கு 800 டாலர், ஏகே துப்பாக்கி வாங்க 2700, தூரத்திலிருந்து சுடுகிற அந்த ஏடபிள்யூபி 4750. கையில் காசு இல்லாத ரவுண்டில் ஐந்து பேரும் சேர்ந்து சேமிக்க வேண்டும், இருக்கிற ரவுண்டில் ஐந்து பேரும் சேர்ந்து வாங்க வேண்டும். கரைவலையில் ஒரு கயிற்றுக்காரர்கள் மட்டும் வேகமாக இழுத்தால் வலை கோணிக்கொண்டு மீன் போய்விடும், இதுவும் அப்படித்தான். இரண்டு பேர் ஏகே, மூன்று பேர் வெறும் பிஸ்டல் என்று போனால் அந்த ரவுண்டும் போகும், அடுத்த ரவுண்டுக்கான காசும் போகும். அடுத்தடுத்துத் தோற்றாலும் ஆட்டம் உன்னை அப்படியே விட்டுவிடுவதில்லை, தோற்றவனுக்குக் கிடைக்கும் தொகை 3400 வரை ஏறுகிறது. பொறுமையாக இருந்தால் எழுந்துவிடலாம்.

இன்னொன்று. காசு இல்லாதவன் கேட்கலாம். இருக்கிறவன் துப்பாக்கி வாங்கிக் கீழே போடுவான், இவன் எடுத்துக்கொள்வான். உங்கள் அணியில் எல்லோரும் கேட்கிறார்கள், நீயும் எத்தனையோ பேருக்கு வாங்கிப் போட்டிருக்கிறாய். ஆனால் நீ கேட்டு நான் பார்த்ததில்லை. கையில் 600 டாலரை வைத்துக்கொண்டு பிஸ்டலோடு போய் நிற்கிறாய். பக்கத்தில் நிற்பவனிடம் 9000 இருக்கிறது. கேட்டால் குறைந்தா போவாய்?

ஊர்ச் செய்தி அதிகமில்லை. 61 நாள் தடை முடிந்து விசைப்படகுகள் போக ஆரம்பித்துவிட்டன, காரல் மீன் மலிவாகக் கிடைக்கிறது. கச்சான் காற்று ஓயவில்லை, முற்றம் முழுக்க மணல். கடற்படையின் பருந்து தளத்து ஹெலிகாப்டர் தாழப் பறந்தால் அப்பத்தா இன்னமும் உன் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறாள், நீ சின்ன வயதில் ஓடி வந்து பார்ப்பாயே, அந்த ஞாபகம். பாம்பனில் புதுப் பாலம் 2025 ஏப்ரலில் திறந்ததும் அவளை ரயிலில் ராமேஸ்வரம் கூட்டிப்போய் அக்னி தீர்த்தத்தில் முழுக வைப்பதாகச் சொன்னாய். போன ஆடி அமாவாசைக்கும் அவள் பஸ்ஸில்தான் போய் வந்தாள். இந்த ஆடிக்கும் யாரும் கூப்பிட்டால் "பேரன் வர்றான்" என்று சொல்லிவிடுகிறாள்.

சரி, நேரத்தைப் பற்றி ஒன்று கேட்க வேண்டும். முன்பெல்லாம் சனி, ஞாயிறு ராத்திரிதான் ஆடுவாய். இப்போது செவ்வாய்க்கிழமை பகல் 11 மணிக்கும் நேரலை வருகிறது. லீவு போட்டிருப்பான் என்று அம்மாவிடம் சொன்னேன். அவள் ஒன்றும் சொல்லாமல் குண்டு மிளகாயை ஆய்ந்துகொண்டிருந்தாள். உன் அறையில் இருக்கும் பையனிடம் தங்கச்சி ஏதோ பேசினாளாம். என்ன பேசினாள் என்று நான் கேட்கவில்லை, நீ சொல்வாய் என்றுதான்.

தனியாகப் போகாதே. கூட ஒருத்தன் இருக்கும்போது தேடிக்கொண்டு தனியாகப் போகவே போகாதே. புகைக்குள் போகாதே. இதைத்தான் மறுபடி மறுபடி எழுதிக்கொண்டிருக்கிறேன் என்று தெரிகிறது. பரவாயில்லை, படி.

நல்ல அணி அமைத்திருக்கிறாய். அந்தப் பேலஸ் பையன் உன்னை அண்ணே என்று கூப்பிடுகிற விதத்திலேயே தெரிகிறது. எத்தனை ரவுண்டு தோற்றாலும் அவன் உன் பேச்சுக்காகக் காத்திருக்கிறான். அவனிடம் அடுத்த ஆட்டத்தில் பேசு. தப்பான கட்டளையாக இருந்தாலும் பரவாயில்லை, ஐந்து பேரும் சேர்ந்து செய்கிற தப்பான வேலை, ஆளுக்கொரு பக்கம் சிதறி நிற்பதைவிட மேல்.

இந்த மாதம் வீட்டுக்குப் பணம் அனுப்பாதே. என் பென்ஷன் வருகிறது, மிளகாய் விற்ற காசும் இருக்கிறது. தங்கச்சி பீஸ் கட்டியாயிற்று. உன் கணக்கில் கொஞ்சம் போட்டிருக்கிறேன், அறை வாடகைக்கு வைத்துக்கொள். திருப்பித் தருகிற பேச்சு வேண்டாம். அம்மா மிளகாய்ப் பொடியும் காரல் கருவாடும் தனியாக அனுப்புகிறாள், வந்தால் வந்தது என்று அவளிடம் சொல்லிவிடு.

காலையில் 6 மணிக்கு நான் கடற்கரைப் பக்கம் நடக்கப் போகிறேன், தெரியுமல்லவா. போன் என் சட்டைப் பையில்தான் இருக்கும், பக்கத்தில் யாரும் இருக்க மாட்டார்கள். அந்த நேரத்தில் கூப்பிடு. வேலை விஷயமாக இருந்தாலும் சரி, வேறு எதுவாக இருந்தாலும் சரி. எந்தப் பக்கம், எத்தனை பேர் என்று சொன்னால் போதும். அம்மாவிடம் எப்போது சொல்வது என்று அப்புறம் இரண்டு பேரும் பேசிக்கொள்வோம்.

இப்படிக்கு,
அப்பா