மெக்கன்சி திரட்டிய ஊர் வரலாறுகளை ஊராருக்குத் திறந்துவிடுங்கள்

சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலக நிர்வாகத்திற்கும் தமிழ்நாடு அரசுக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஐயா, அம்மையீர்,

வணக்கம். தங்கள் பொறுப்பில் இருக்கும் மெக்கன்சி சுவடிகளைப் பற்றி எழுதுகிறேன். அவற்றிலுள்ள தமிழ்க் கைபீதுகளையும் (ஊர் வரலாற்றுக் குறிப்புகள்) பாளையப்பட்டு வம்சாவளிகளையும் (பாளையக்காரர்களின் குடிவழி வரலாறுகள்) ஊர்ப்பெயரைக் கொண்டு தேடிப் படிக்கும்படி, ஏட்டின் படமும் எழுத்துப்படியும் பக்கத்தில் பக்கமாக, கட்டணமில்லாமல் இணையத்தில் வெளியிட வேண்டும் என்பதே என் கோரிக்கை. இது ஏன் அவசரம் என்று சொல்ல, அந்த மனிதரின் கதையைக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும்.

காலின் மெக்கன்சி ஸ்காட்லாந்தின் வடமேற்கில், லூயிஸ் தீவின் ஸ்டோர்னோவே ஊரில் பிறந்தவர். அங்கே சுங்க அதிகாரியாக இருந்துவிட்டு, ஏறக்குறைய முப்பது வயதில், 1783இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் சென்னைப் படையில் சேர வந்தார். மடக்கைக் (லாகரிதம்) கணக்கைக் கண்டறிந்த ஜான் நேப்பியரின் வாழ்க்கை வரலாற்றுக்காக இந்தியக் கணிதம் பற்றித் தகவல் திரட்டும் ஆர்வம் அவருக்கு இருந்தது. அதே நேப்பியர் குடும்பத்தைச் சேர்ந்த ஹெஸ்டர் ஜான்ஸ்டன் அப்போது மதுரையில் இருந்தார். அவர் அழைப்பில் மதுரைக்குச் சென்று அங்குள்ள கற்றறிந்தவர்களைச் சந்தித்ததுதான் மெக்கன்சியின் மனத்தில் முதல் விதையைப் போட்டது. ஆனால் விதை முளைக்கப் பல ஆண்டுகள் ஆயின. 1786இல் பொறியாளர் பிரிவுக்கு மாறியவரைப் போர்கள் இழுத்துக்கொண்டன: மூன்றாம் மைசூர்ப் போர், 1793இல் புதுச்சேரி முற்றுகை, அடுத்து இலங்கை, 1799இல் ஸ்ரீரங்கப்பட்டணம்.

திப்பு வீழ்ந்த கையோடு மைசூரை அளக்கும் வேலை அவரிடம் வந்தது. நாற்பதாயிரம் சதுர மைலுக்கு மேற்பட்ட நிலப்பரப்பு. கம்பெனிக்குத் தேவைப்பட்டவை எல்லைகளும் வழித்தடங்களும் வரி தரும் நிலங்களும்தான். மெக்கன்சி அத்தோடு நிற்கவில்லை. கோவில், கல்வெட்டு, நாணயம், ஏடு, ஊர்ப் பெரியவர் சொல்லும் பழங்கதை என எல்லாவற்றையும் சேர்க்கச் சொன்னார். இதற்கான செலவில் பெரும்பகுதி அவருடைய கைப்பணம்.

அவரை நான் வானளாவப் புகழ வரவில்லை. நாட்டைப் பிடித்த படையின் அதிகாரி அவர். ஆள்வதற்கு உதவும் அறிவாகவே கம்பெனி இதையெல்லாம் பார்த்தது. இந்திய மொழி எதிலும் அவருக்குத் தேர்ச்சியும் இல்லை. எனவே இந்தத் திரட்டின் உண்மையான உழைப்பாளிகள் வேறு சிலர். ஏலூரைச் சேர்ந்த காவலி வேங்கட போரய்யா அவர்களில் முதல்வர். அறிவின் வாசலைத் தமக்குத் திறந்துவிட்டவர் போரய்யாதான் என்று மெக்கன்சியே பின்னாளில் எழுதினார். போரய்யா 1803இல், முப்பது வயதை எட்டாமலே, இறந்துபோனார். அவர் இடத்துக்குத் தம்பி லட்சுமய்யா வந்தார். இன்னொரு தம்பி ராமசாமியும் இதே பணியில் இருந்தார். பழங்கன்னடக் கல்வெட்டுகளைப் படிக்கச் சமணப் பண்டிதர் தர்மய்யா இருந்தார்.

1816இல் தாமஸ் ஹிக்கி வரைந்த ஓவியம் ஒன்று லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது. சிவப்புச் சீருடையில் மெக்கன்சி நிற்கிறார். அவரைச் சுற்றி இந்தியர் மூவர். ஒருவர் கையில் ஓலைச்சுவடி, இன்னொருவர் கையில் தொலைநோக்கி. பின்புறம் குன்றின்மீது கர்நாடகத்தின் கார்கள ஊரிலுள்ள சமணச் சிலையான கோமட்டேசுவரர். அந்த மூவரில் யார் யார் என்று ஆய்வாளர்கள் இன்றும் விவாதிக்கிறார்கள். சிவப்பு அங்கிக்காரர் யார் என்பதில் மட்டும் யாருக்கும் ஐயமில்லை. நூலகப் பட்டியலிலும் இதே நிலை தொடரக் கூடாது என்பது என் ஆசை. எந்தக் கைபீதை எந்த உதவியாளர் சேகரித்தார், எந்தக் கணக்கப்பிள்ளை எழுதிக்கொடுத்தார் என்ற குறிப்பு ஏட்டிலேயே இருந்தால், அந்தப் பெயர் பட்டியலிலும் ஏற வேண்டும்.

மெக்கன்சி 1811 முதல் 1813 வரை ஜாவாவில் இருந்தார். 1815இல் இந்தியாவின் முதல் தலைமை நில அளவையாளர் ஆனார். 1821 மே 8ஆம் நாள் வங்காளத்தில் இறந்தார். திரட்டியவற்றை ஒழுங்குபடுத்தி நூலாக்க வேண்டும் என்ற எண்ணம் நிறைவேறவில்லை. கம்பெனி அவர் மனைவியிடமிருந்து எல்லாவற்றையும் ஒரு லட்ச ரூபாய்க்கு வாங்கியது. 1828இல் சமஸ்கிருத அறிஞர் எச். எச். வில்சன் பட்டியலிட்டபோது இலக்கியச் சுவடிகள் 1,568, ஊர் வரலாறுகள் 2,070, கல்வெட்டுப் படிகள் 8,076 என்று கணக்கு வந்தது. பிறகு அவை லண்டன், கல்கத்தா, சென்னை எனச் சிதறின. பணியைத் தொடர்ந்து நடத்தத் தமக்கு வாய்ப்புத் தாருங்கள் என்று லட்சுமய்யா கேட்டார். வங்காள ஆசியக் கழகத்தின் ஜேம்ஸ் பிரின்செப், ஓர் இந்தியருக்கு அத்தகைய பொறுப்பை ஏற்கும் திறன் இல்லை என்ற தோரணையில் மறுத்துவிட்டார். பல ஆண்டுகள் அந்த வேலையைத் தோளில் சுமந்தவருக்குக் கிடைத்த பதில் அது. இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு கொதிக்கிறது.

இந்தச் சுவடிகள் எவ்வளவு அருமையானவை என்பதற்கு ஆந்திரத்தின் அமராவதியே சான்று. 1790களின் இறுதியில் மெக்கன்சி அங்கே பௌத்தத் தூபியின் மேட்டைப் பார்த்தார். 1816இல் மீண்டும் சென்றபோது மேட்டின் நடுவைத் தோண்டியிருந்தார்கள். கற்கள் பல கட்டடங்களுக்குப் போயிருந்தன. அவருடைய ஆட்கள் அப்போது எஞ்சியிருந்த சிற்பங்களை வரைந்தார்கள். பிற்காலத்தில் காணாமற்போன கற்களுக்கு அந்தக் கோட்டோவியங்களே இன்று ஆதாரம். தமிழ்நாட்டிலும் அன்று எழுதிக்கொண்ட செப்பேடுகளும் ஊர்க்கணக்குகளும் பல இடங்களில் இன்று இல்லை. படி மட்டும் தங்கள் அலமாரியில் இருக்கிறது.

தாங்கள் ஒன்றும் செய்யவில்லை என்று சொல்ல மாட்டேன். இத்திரட்டிலுள்ள ‘கொங்கு தேச ராஜாக்கள்’ 1950இலேயே அச்சேறியது. பாளையப்பட்டு வம்சாவளிகளும் தொகுதிகளாக வந்தன. 1972இல் சென்னைப் பல்கலைக்கழகம் டி. வி. மகாலிங்கம் தொகுத்த சுருக்கங்களை வெளியிட்டது. ஆனால் அந்தச் சுருக்கம் ஆங்கிலத்தில் இருக்கிறது. தமிழில் சொல்லி, தமிழில் எழுதியதை அந்த ஊர்க்காரர் இன்னொரு மொழியில் சுருக்கமாகப் படிப்பது என்ன நியாயம்? கடப்பையில் தெலுங்கு அறிஞர் சி. பி. பிரவுன் பெயரிலுள்ள ஆய்வு மையம் அம்மாவட்டக் கைபீதுகளைத் தெலுங்கிலேயே தொகுதி தொகுதியாக அச்சிட்டிருக்கிறது. நம்மாலும் முடியும்.

வெறும் படத்தை ஏற்றினால் போதாது என்பதை வற்புறுத்திச் சொல்கிறேன். அக்காலத் தமிழ்க் கையெழுத்தில் புள்ளி இல்லை. சொல்லுக்குச் சொல் இடைவெளி இல்லை. கொம்பில் குறிலா நெடிலா என்று தெரியாது. காலும் ரகரமும் ஒன்றுபோல நிற்கும். நடுவே தமிழ் எண்கள், பசலி என்ற வருவாய்க் கணக்கு ஆண்டுகள், சன்னது (உரிமை ஆவணம்), சுபேதார் என்று பாரசீக வழி வந்த சொற்கள். பழகாத கண்ணுக்கு ஒரு வரியைக் கடப்பதே பெரும்பாடு. ஆகவே படிக்கத் தெரிந்தவர்களை நியமிக்க வேண்டும். இளைஞர்களுக்கு உதவித்தொகை தந்து பழக்க வேண்டும். ஓய்வு பெற்ற சுவடிப் புலவர்களைத் தேடிப் போய் அழைக்க வேண்டும், அவர்கள் இருக்கும்போதே.

பதிப்பில் ஒரு நேர்மையும் வேண்டும். பாளையக்காரர் போர்கள் ஓய்ந்த பிறகு, கம்பெனியிடம் உரிமை கேட்டு நின்ற குடும்பங்கள் தந்த வம்சாவளிகளில் முன்னோர் பெருமை கூடுதலாகவே இருக்கும். சாதிப் பெருமிதத்துக்கு அவற்றை அப்படியே ஆதாரமாகக் காட்டுவோர் இப்போதே உண்டு. யார், எப்போது, எந்தச் சூழலில் எழுதிக்கொடுத்தது என்ற முன்குறிப்பு ஒவ்வொன்றுக்கும் அவசியம்.

மெக்கன்சியின் உதவியாளர்கள் எழுதி, இப்போது லண்டனில் இருக்கும் கடிதங்கள், அறிக்கைகள் ஆகியவற்றின் படங்களையும் அரசு கேட்டுப் பெற வேண்டும். கைபீது இங்கேயும் அதைச் சேகரித்த கதை அங்கேயுமாகக் கிடக்கின்றன. எல்லாவற்றையும் ஒரே மூச்சில் செய்யச் சொல்லவில்லை. ஒரு மாவட்டத்தை எடுத்துக்கொண்டு, அதன் கைபீதுகள் முழுவதையும் எழுத்துப்படியோடு இந்த நிதியாண்டிலேயே வெளியிடுங்கள். பிழை திருத்த வாசகர்களை அழையுங்கள், நானும் வருகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நூலக வாசகர் ஒருவர்