தோற்றுப்போன முதல்வர் உட்ரோ லாயிட் அவர்களுக்கு

மதிப்பிற்குரிய லாயிட் ஐயா,

கனடாவின் சஸ்காச்சுவான் மாகாணத்துக்குப் புதிதாக வந்து சேர்கிறவர்களுக்கு இங்கே முதலில் காதில் விழும் அரசியல் பெயர், உங்களுக்கு முன் முதல்வராக இருந்த டாமி டக்ளஸ். கனடாவின் பொது மருத்துவக் காப்பீட்டுக்குத் தந்தை என்பார்கள். 2004-ல் சிபிசி தொலைக்காட்சி நடத்திய வாக்கெடுப்பில் கனடாவின் தலைசிறந்த மனிதர் என்று மக்கள் தேர்ந்தெடுத்ததும் அவரைத்தான். வெய்பர்னில் அவருக்குச் சிலை இருக்கிறது. உங்கள் பெயரைச் சொன்னால், "அது யாரு?" என்று கேட்பவர்களே அதிகம். ஆனால் மாகாணத்தில் எல்லோருக்கும் டாக்டர் செலவை அரசே ஏற்கும் அந்தக் காப்பீட்டுச் சட்டம் நடைமுறைக்கு வந்த 1962 ஜூலை 1 அன்று முதல்வர் நாற்காலியில் இருந்தவர் நீங்கள். அடி வாங்கியவரும் நீங்கள். அதனால் கடிதம் உங்களுக்கு.

டக்ளஸின் பெருமையைக் குறைக்க வரவில்லை. 1944-ல் 52 இடங்களில் 47-ஐப் பிடித்து, வட அமெரிக்காவிலேயே முதல் சோஷலிச ஆட்சியை அமைத்தது அவர் தலைமையிலான சிசிஎஃப் கட்சி. 1947-ல் மருத்துவமனைச் செலவுக்குக் காப்பீடு கொண்டுவந்ததும் அவர் ஆட்சிதான். அதற்கு முந்தைய வருடமே, நீங்கள் பிறந்த வெப் கிராமத்துக்குப் பக்கத்தில், ஸ்விஃப்ட் கரண்ட் வட்டாரத்தில், எல்லோருக்கும் டாக்டர் செலவையும் ஏற்கும் திட்டம் ஓடத் தொடங்கிவிட்டது. ஆனால் மாகாணம் முழுக்க அதைக் கொண்டுபோகிற கட்டம் வந்தபோது, டக்ளஸ், சிசிஎஃப்பின் வாரிசாகப் பிறந்த புதிய என்டிபி கட்சியின் தேசியத் தலைவராகிவிட்டார். 1961 நவம்பரில் பொறுப்பு உங்கள் கைக்கு வந்தது. 1962 ஜூனில் கூட்டாட்சித் தேர்தலில் மாகாணத் தலைநகர் ரெஜைனாவில் நின்ற டக்ளஸையே மக்கள் தோற்கடித்தார்கள். திட்டம் தொடங்க இரண்டு வாரம்கூட இல்லை. அந்த இரவு உங்களுக்குத் தூக்கம் வந்திருக்காது.

இந்த மண் கட்சிகளை ஈவிரக்கம் இல்லாமல் நடத்தும் என்று உங்களுக்குத் தெரியும். 1905-ல் மாகாணம் பிறந்தது முதல் 1944 வரை, நடுவில் ஐந்து வருடம் போக, லிபரல்கள்தான் ஆண்டார்கள். அந்த ஐந்து வருடம் ஆண்டர்சனின் கன்சர்வேட்டிவ் கூட்டணி. கத்தோலிக்கர்கள் மீதும் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்தவர்கள் மீதும் கூ கிளக்ஸ் கிளான் என்ற வெள்ளை இனவெறி அமைப்பு கிளப்பிவிட்ட வெறுப்பு அலை 1929-ல் அவர்களுக்குக் கைகொடுத்தது. பிறகு வறட்சி, புழுதிப் புயல், கோதுமை விலை வீழ்ச்சி. 1934 தேர்தலில் ஆளுங்கட்சியான கன்சர்வேட்டிவ்களுக்கு ஒரு இடம்கூடக் கிடைக்கவில்லை. சுத்த பூஜ்யம். அந்த வெற்றிடத்தில்தான் விவசாயிகளும் தொழிலாளர்களும் உங்களைப் போன்ற பள்ளி ஆசிரியர்களும் சேர்ந்து வளர்த்த இயக்கம் காலூன்றியது.

சரி, 1962-க்கு வருகிறேன். மே மாதம் ரெஜைனாவில் டாக்டர்கள் சங்கக் கூட்டத்துக்கு நீங்களே பேசப் போனீர்கள். நீங்கள் மேடைப் புலி இல்லை. டக்ளஸ் மாதிரி கதை சொல்லிச் சிரிக்க வைக்கத் தெரியாது. பொறுமையாக, வாத்தியார் பாடம் நடத்துவதுபோல் விளக்கினீர்கள். அதன் பிறகு, இந்தச் சட்டத்தின் கீழ் வேலை செய்ய மறுப்பவர்கள் யார் என்று மேடையிலிருந்து கேட்டார்கள். அரங்கில் ஏறக்குறைய எல்லோருமே எழுந்து நின்றார்கள். முகத்துக்கு நேரே அதைப் பார்த்த பிறகும் நீங்கள் சட்டத்தைக் கைவிடவில்லை.

ஜூலை 1 அன்று பெரும்பாலான டாக்டர்கள் கிளினிக்கைப் பூட்டினார்கள். சில மருத்துவமனைகளில் அவசர சிகிச்சை மட்டும். டாக்டரைத் தேடி ஊர் ஊராகக் காரில் அலைந்த ஒரு விவசாயக் குடும்பத்தின் ஒன்பது மாதக் குழந்தை வழியிலேயே இறந்துபோனது. பத்திரிகைகள் உங்கள் அரசையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றின. 'நம் டாக்டர்களைக் காப்போம்' என்று ஊருக்கு ஊர் குழுக்கள் முளைத்தன. கம்யூனிசம் வந்துவிட்டது என்றார்கள். ராஸ் தாட்சர் சட்டமன்றக் கதவைக் காலால் உதைக்கும் படம் இன்றைக்கும் சுற்றிக்கொண்டிருக்கிறது. அவர் உங்கள் கட்சியின் பழைய எம்.பி., லிபரலுக்குத் தாவி அதன் தலைவரே ஆனவர். நம்மூர் அரசியலைப் பார்த்து வளர்ந்த எனக்குக் கட்சி தாவல் புதிதல்ல; ஆனாலும் அந்தப் படத்தைப் பார்க்கும்போது சிரிப்பு வரத்தான் செய்கிறது.

ஜூலை 11 அன்று சட்டமன்றத்தின் முன் பேரணி. பல்லாயிரம் பேர் திரள்வார்கள் என்று ஏற்பாட்டாளர்கள் சொன்னார்கள். வந்தது சில ஆயிரம் பேர்தான். அங்கேதான் காற்று திசை மாறியது. இன்னொரு பக்கம், பிரிட்டனிலிருந்து டாக்டர்களை விமானத்தில் வரவழைத்தீர்கள். சஸ்கடூனில் இரண்டு பெண் டாக்டர்கள் ஜூலை 3 அன்றே சமூக கிளினிக்கைத் திறந்துவிட்டார்கள். ஜனங்களே பணம் போட்டு, இடம் பிடித்து நடத்திய கூட்டுறவு அது. கடைசியில் லண்டனிலிருந்து வந்த டெய்லர் பிரபு, அவரும் ஒரு டாக்டர், மந்திரிகளுக்கும் டாக்டர்களுக்கும் நடுவே மாறி மாறி ஓடி ஜூலை 23 அன்று சஸ்கடூன் ஒப்பந்தத்தில் கையெழுத்து வாங்கினார். 23 நாள் வேலைநிறுத்தம் முடிந்தது.

இந்த இடத்தில் உங்களோடு எனக்கு ஒரு சண்டை உண்டு. அந்த ஒப்பந்தத்தில் நீங்கள் தேவைக்கு மேல் விட்டுக்கொடுத்தீர்கள் என்பது என் எண்ணம். பார்த்த நோயாளிக்கு இவ்வளவு என்று டாக்டர் கட்டணம் வாங்கும் முறை அப்படியே நிலைத்தது. டாக்டருக்குச் சம்பளம் கொடுத்து, செவிலியரோடும் மற்றவர்களோடும் குழுவாக வேலை செய்ய வைக்கும் சமூக கிளினிக்குகள் மாகாணம் முழுக்கப் பரவவே இல்லை. சஸ்கடூன் கிளினிக் இன்றும் கூட்டுறவாகத்தான் நடக்கிறது. அது மாதிரி நூறு இருந்திருக்கலாம். ஆனால் நாற்காலியில் நீங்கள் இருந்தீர்கள், நான் இல்லை. கிளினிக்குகள் பூட்டிக் கிடந்த நான்காவது வாரத்தில் இதையெல்லாம் யோசிக்க யாருக்கு நேரம்?

1964-ல் தோற்றீர்கள். வாக்கு எண்ணிக்கையில் இரு கட்சிக்கும் மயிரிழைதான் வித்தியாசம், இடங்களில் தாட்சர் முந்தினார். கதவை உதைத்த அதே மனிதர் முதல்வராகி, உங்கள் திட்டத்தை ரத்து செய்யத் துணியவில்லை. 1968-ல் டாக்டரைப் பார்க்க ஒன்றரை டாலர், மருத்துவமனையில் ஒரு நாளுக்கு இரண்டரை டாலர் என்று கட்டணம் போட்டுப் பார்த்தார். 1971-ல் உங்கள் கட்சியின் பிளேக்னி ஜெயித்து வந்து அதைத் தூக்கி எறிந்தார். அதற்குள் கனடா முழுக்கத் திட்டம் பரவத் தொடங்கியிருந்தது. அதற்குப் பரிந்துரை எழுதிய எம்மெட் ஹாலும் சஸ்காச்சுவான்காரர்தான். அவரை நியமித்ததோ கன்சர்வேட்டிவ் பிரதமர் டீஃபன்பேக்கர்.

நீங்கள் போன பிறகு நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். 1982-ல் கிரான்ட் டிவைனின் கன்சர்வேட்டிவ்கள் 64-ல் 55 இடம் பிடித்தார்கள். ஒன்பது வருடத்தில் மாகாணம் கடனில் மூழ்கியது; அந்தக் கட்சிக்காரர்கள் பலர் சட்டமன்ற உறுப்பினர்களுக்கான படித்தொகையில் கைவைத்து நீதிமன்றத்தில் தண்டனை வாங்கினார்கள். பெயர் கெட்டுப்போன கன்சர்வேட்டிவ்களில் நால்வரும் லிபரல்களில் நால்வருமாகச் சேர்ந்து 1997-ல் சஸ்காச்சுவான் கட்சி என்று புதுப் பலகை மாட்டினார்கள். 2007 முதல் இன்றுவரை அவர்கள் ஆட்சிதான்.

நடுவில் உங்கள் கட்சி ஒரு காரியம் செய்தது. 1991-ல் வந்த ரோமனோ, கஜானா காலி என்று 1993-ல் 52 கிராமப்புற மருத்துவமனைகளை மூடினார், அல்லது சிறு சுகாதார மையங்களாக மாற்றினார். வேறு வழி இல்லை என்று அவருக்காக வாதாடலாம், கணக்கும் அவர் பக்கம்தான். ஆனால் மருத்துவக் காப்பீட்டைக் கொடுத்த கட்சியே ஊர் ஆஸ்பத்திரியைப் பூட்டியதை அந்த ஊர்கள் மறக்கவில்லை. 2024 தேர்தலில் கார்லா பெக் தலைமையில் என்டிபி 27 இடம் பிடித்தது. ஸ்காட் மோவின் சஸ்காச்சுவான் கட்சிக்கு 34. ரெஜைனாவில் 12-க்கு 12, சஸ்கடூனில் 14-ல் 13, வடகோடியில் இரண்டு. தெற்கே கோதுமை விளையும் கிராமங்களில் ஒன்றுகூட இல்லை. 1944-ல் உங்களைத் தோளில் தூக்கியவர்களின் பேரப்பிள்ளைகள் வாழும் ஊர்கள் அவை.

நீங்கள் 1944 முதல் 1971 வரை பிகர் தொகுதியில் ஒருமுறைகூடத் தோற்கவில்லை. ஆட்சியே கவிழ்ந்த 1964-லும் அந்த விவசாயிகள் உங்களைக் கைவிடவில்லை. மேடைப் பேச்சு வராத ஒரு வாத்தியார் அந்தத் தொகுதியை எப்படிக் கையில் வைத்திருந்தார் என்று, இன்று டக்ளஸ் படத்தைத் தூக்கிக்கொண்டு ஓட்டுக் கேட்க வருகிறவர்கள் கொஞ்சம் தேடிப் பார்க்கட்டும். அடுத்த தேர்தலில் என் வாசலுக்கு வந்தால் நானே கேட்பேன்.

இப்படிக்கு,
ரெஜைனாவிலிருந்து ஒரு வாக்காளன்