‘ஆனாலும்’ என்று ஒரு சொல்

அன்புள்ள முருகேசா,

உன் கடிதம் கிடைத்தது. அப்பா போனதிலிருந்து, வருகிறவர்கள் எல்லாம் “பிறந்தவர் போய்த்தானே ஆகணும், மனசைத் தேத்திக்கோ” என்று சொல்லிவிட்டுப் போவது இன்னும் வலிக்கிறது என்று எழுதியிருந்தாய். அன்றைக்கு நானும் அதையேதான் சொன்னேன். மன்னித்துவிடு.

அதைப் படித்ததிலிருந்து இஸ்ஸா ஞாபகம்தான். கோபயாஷி இஸ்ஸா, ஜப்பானிய ஹைக்கூ கவிஞர். 1763-இல், பனி கொட்டும் கஷிவபாரா என்ற மலையூரில் பிறந்தவர். விவரம் தெரியும் முன்பே தாயை இழந்தார். சிற்றன்னையோடு ஒத்துப்போகவில்லை என்று சிறுவயதிலேயே எடோவுக்கு, அதாவது இன்றைய டோக்கியோவுக்கு, அனுப்பிவிட்டார்கள். 1801-இல் அப்பா காய்ச்சலில் படுத்தபோது பக்கத்திலிருந்து பார்த்துக்கொண்டார். அந்தக் கடைசி நாட்களை அப்படியே எழுதியும் வைத்தார். அப்புறம் தம்பியோடு பாகத் தகராறு, பத்து வருஷத்துக்கு மேல். ஐம்பது தாண்டித்தான் கல்யாணம்.

முதல் பிள்ளை ஒரு மாதம்கூடத் தங்கவில்லை. 1818-இல் சாத்தோ பிறந்தாள். அவளைப் பற்றி அவர் எழுதியதை நீ படிக்க வேண்டும். காற்றாடி வாங்கிக் கொடுத்தால் வாயில் வைத்துச் சப்பிவிட்டு எறிகிறாள். கையில் கிடைத்த கிண்ணத்தை உடைக்கிறாள். கதவில் ஒட்டிய மெல்லிய காகிதத்தை டர்ரென்று கிழிக்கிறாள். “சபாஷ், சபாஷ்” என்றால் நிஜமென்று நம்பிச் சிரித்துக்கொண்டே இன்னும் கிழிக்கிறாள்.

மறு வருஷம் அம்மையில் போய்விட்டாள். ஓடிய நீர் திரும்பாது, உதிர்ந்த பூ கிளைக்கு ஏறாது என்று மனசுக்குச் சொல்லிப் பார்க்கிறார் இஸ்ஸா. பாசம் அறுபடவில்லை. அப்போது எழுதியதுதான் இது. எனக்குத் தெரிந்த தமிழில்:

பனித்துளி உலகம்
பனித்துளி உலகம்தான்
ஆனாலும், ஆனாலும்…

நிலையாமையை அவர் மறுக்கவில்லை, அவர் பக்தியுள்ள பௌத்தர். அதை ஒப்புக்கொண்ட பிறகும் வாய் மூடவில்லை, அவ்வளவுதான். இருபதாயிரம் ஹைக்கூவுக்கு மேல் எழுதியவர், இந்த இடத்தில் வாக்கியத்தை முடிக்காமலே விட்டுவிட்டார்.

பிறகு இன்னும் இரண்டு பிள்ளைகள், மனைவி கிக்கு எல்லோரும் போனார்கள். 1827-இல் ஊரே பற்றி எரிந்ததில் வீடும் போய், மிஞ்சிய மண்சுவர்க் கிடங்கில் தங்கி அங்கேயே கண்மூடினார். அந்தக் கிடங்கை இன்றும் பாதுகாத்து வைத்திருக்கிறார்கள்.

ஞாயிற்றுக்கிழமை காலை பஸ்ஸில் வருகிறேன். அப்பாவைப் பற்றி நீ பேசு. நான் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

உன்,
சேகர்