சகுரா சாகு: ஊருக்கு ஒரு நன்றி மடல்

டோக்கியோ, மே 1970

ஆவோமோரியில் உள்ள எங்கள் ஊர்ப் பெரியவர்களுக்கும் அக்கம்பக்கத்தாருக்கும் வணக்கம்.

மார்ச்சில் எங்கள் வீட்டுக்கு 'சகுரா சாகு' என்று தந்தி வந்தது உங்களுக்குத் தெரியும். செர்ரி பூத்தது, அதாவது பல்கலைக்கழக நுழைவுத் தேர்வில் பையன் தேறிவிட்டான். 1968இல் வந்தது 'சகுரா சிரு', பூ உதிர்ந்தது. அன்று தபால்கார அண்ணன் சைக்கிளைத் தள்ளிக்கொண்டே வந்தார். அம்மாவுக்கு அதிலேயே புரிந்துவிட்டது. இந்த முறை தெருமுனையிலேயே மணியடித்தாராம். அண்ணனுக்கு என் நன்றி.

நடுவில் 1969. மாணவர் போராட்டத்தால் நான் குறிவைத்திருந்த பல்கலைக்கழகத்தில் நுழைவுத் தேர்வே நடக்கவில்லை. இரண்டாவது வருடமும் 'ரோனின்' ஆனேன், அதாவது பல்கலைக்கழகத்தில் இடம் கிடைக்காமல் அடுத்த தேர்வுக்குப் படித்துக் காத்திருப்பவன். எஜமான் இல்லாத சாமுராயின் பெயரைத்தான் எங்களுக்கும் வைத்திருக்கிறார்கள். சாமுராய்க்காவது வாள் இருந்தது. நாலு மணி நேரம் தூங்கினால் பாஸ், ஐந்து மணி நேரம் தூங்கினால் ஃபெயில் என்பார்கள். நான் ஆறு மணி நேரம் தூங்கினேன். சரி, இனி சொன்னால் அடிக்கமாட்டீர்கள்.

பல்கலைக்கழகக் கட்டணம் வருடத்துக்கு 12,000 யென்தான். பணம் கரைந்ததெல்லாம் அதற்கு முன்னால்: பயிற்சிப் பள்ளி, அறை வாடகை, சாப்பாடு. அதற்காக அப்பா ஒவ்வொரு வருடமும் அறுவடை முடிந்ததும் டோக்கியோவுக்குக் கட்டட வேலைக்கு வந்தார். குளிர்காலம் முழுக்க ஒரே நகரத்தில் இருந்தோம். பார்த்துக்கொண்டது இரண்டே முறை. உழவு இயந்திரம் வாங்குவதையும் தள்ளிப்போட்டார். பக்கத்து வீட்டுச் சித்தப்பா தன் வயலை முடித்த கையோடு எங்கள் வயலிலும் இயந்திரத்தை இறக்கினார். எரிபொருளுக்குக்கூடக் காசு வாங்கவில்லை. அப்பா இல்லாத நாட்களில் எங்கள் கூரைப் பனியை வாரித் தள்ளியவர்களுக்கும், நான் படிக்க மேசையாக இருந்த ஆப்பிள் பெட்டியைக் கொடுத்த தோட்டக்காரத் தாத்தாவுக்கும் நன்றி.

அப்புறம், அக்கா. 1963இல், பதினைந்து வயதில், வேலைக்குப் போகும் பிள்ளைகளோடு ரயிலேறி டோக்கியோவின் உவேனோ நிலையத்தில் வந்து இறங்கினாள். கிடைப்பதற்கரிய இளம் வேலையாட்கள் என்று அந்தப் பிள்ளைகளைத் 'தங்க முட்டை' என்றார்கள். முட்டையிடம் யார் விருப்பம் கேட்டார்கள்? ரேடியோ பாகங்கள் செய்யும் பட்டறையிலிருந்து மாதாமாதம் பதிவுத் தபாலில் பணம் வரும். நடுநிலைப் பள்ளியில் அவள் மதிப்பெண் என்னுடையதைவிட அதிகம். ஊரில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை, நானும்தான்.

இந்த ஏப்ரலில் அக்கா இரவு உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்திருக்கிறாள். ஒரு பையனுக்கு வீட்டில் பாடம் சொல்லிக் கொடுத்து நான் வாங்கிய முதல் சம்பளத்தை அவளுக்கு அனுப்பினேன். திருப்பி அனுப்பிவிட்டாள். நேற்று மறுபடியும் அனுப்பியிருக்கிறேன்.