தீர்ப்பு மாறவில்லை, சட்டம்தான் மாறியது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சட்ட அறிஞர் உபேந்திர பக்ஷியின் மனித உரிமை எழுத்துகளைப் பற்றிச் சென்ற இதழில் வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். தமிழில் அதிகம் பேசப்படாத ஒருவரைப் பற்றி இவ்வளவு விரிவாக எழுதியதற்குக் கட்டுரையாளருக்கு நன்றி. ஆனால் அதில் ஒரு வரியை அப்படியே விட்டுவிட எனக்கு மனம் வரவில்லை. 1979இல் பக்ஷியும் மற்ற மூவரும் எழுதிய திறந்த மடலைக் கண்டு, மதுரா வழக்கில் உச்ச நீதிமன்றம் தன் தீர்ப்பைத் திருத்திக்கொண்டது என்று எழுதியிருக்கிறார். அப்படி நடக்கவில்லை. அந்தத் தீர்ப்பில் ஓர் எழுத்துகூட மாறவில்லை. இது சிறிய தகவல் பிழைதானே என்று தோன்றலாம். பக்ஷி நீதிமன்றங்களைப் பற்றி எழுதியதன் சாரமே இந்த இடத்தில்தான் இருக்கிறது என்பதால் எழுதுகிறேன்.

1972 மார்ச் 26 இரவு, மகாராஷ்டிரத்தில் அன்று சந்திரபூர் மாவட்டத்தில் இருந்த தேசாய்கஞ்ச் காவல் நிலையத்துக்கு மதுரா என்ற ஆதிவாசிப் பெண் அழைத்துவரப்பட்டாள். கூலி வேலை செய்து பிழைத்தவள். மருத்துவரின் கணிப்புப்படி 14 முதல் 16 வயதுக்குள் இருக்கும். அண்ணன் கொடுத்த புகார் ஒன்றின் மீது விசாரணை. வாக்குமூலம் எழுதி முடிந்ததும், இரவு பத்தரை மணி வாக்கில் எல்லாரையும் போகச் சொல்லிவிட்டு அவளை மட்டும் நிறுத்திவைத்தார்கள். கதவு சாத்தப்பட்டது, விளக்கு அணைக்கப்பட்டது. உறவினர்கள் வெளியே தெருவில் காத்துக்கொண்டு நின்றார்கள்.

நிலையத்துக்குள் வல்லுறவுக்கு ஆளானதாகச் சொன்ன அவளை அமர்வு நீதிமன்றம் 1974இல் பொய்க்காரி என்று சொல்லி, குற்றம் சாட்டப்பட்ட இரண்டு காவலர்களையும் விடுவித்தது. பம்பாய் உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் கிளை 1976இல் அதை மாற்றியது. பயந்து அடங்கிப்போவது சம்மதம் ஆகாது என்று தெளிவாகச் சொல்லி, ஒருவருக்கு ஐந்தாண்டும் மற்றவருக்கு ஓராண்டும் சிறைத்தண்டனை விதித்தது. 1978 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் இருவரையும் விடுதலை செய்தது. உடம்பில் காயம் இல்லை, எனவே அவள் எதிர்க்கவில்லை, எனவே சம்மதித்தாள் என்பதே அந்தத் தீர்ப்பின் போக்கு.

ஓராண்டு கழித்து, 1979 செப்டம்பர் 16 தேதியிட்டு, உபேந்திர பக்ஷி, லோதிகா சர்க்கார், ரகுநாத் கேல்கர், வசுதா தாகம்வார் ஆகிய நால்வரும் இந்தியத் தலைமை நீதிபதிக்கு மடல் எழுதினார்கள். தொழிலில் நுழைந்த நாள் முதல் எத்தனையோ மனுக்களைப் படித்திருக்கிறேன். இதற்கு இணையாக ஒன்றைக் கண்டதில்லை. அதில் கோபம் கொதிக்கிறது, வசவு ஒன்றுகூட இல்லை. தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு வரிவரியாகக் கேள்வி கேட்கிறார்கள். அவளுடைய வயதை எண்ணிப் பார்த்தீர்களா? வறுமையை? சட்டம் தெரியாத நிலையை? காவல் நிலையத்துக்குள் கால் வைத்தாலே ஏழைகளைப் பிடித்துக்கொள்ளும் அச்சத்தை? பெண்களை விசாரணைக்காக நிலையத்துக்கு அழைக்கக் கூடாது என்று அன்றைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 160ஆவது பிரிவு சொன்னது. மதுரா தீர்ப்புக்குச் சில மாதங்கள் முன்புதான் நந்தினி சத்பதி வழக்கில் இதே உச்ச நீதிமன்றம் அந்தப் பிரிவை வலியுறுத்தியிருந்தது. அவர் ஒடிசாவின் முன்னாள் முதலமைச்சர். கூலிக்காரச் சிறுமியின் வழக்கில் அந்தப் பிரிவைப் பற்றி நீதிமன்றம் வாய் திறக்கவில்லை.

வழக்கை மேலும் பெரிய அமர்வு மறுபடி விசாரிக்க வேண்டும் என்று மடல் கேட்டது. விசாரிக்கவில்லை. ஆனால் மடல் பத்திரிகைகளுக்குப் போனது, பெண்கள் அமைப்புகளுக்குப் போனது. 1980 மார்ச் 8 அன்று பல நகரங்களில் பெண்கள் வீதிக்கு வந்தார்கள். 1983இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தியது. காவலில் நடக்கும் பாலியல் வல்லுறவு தனிக் குற்றமாயிற்று. அத்தகைய வழக்கில் உடலுறவு நிரூபிக்கப்பட்டு, தான் சம்மதிக்கவில்லை என்று பெண் சொன்னால், நீதிமன்றம் அதையே அனுமானமாகக் கொள்ள வேண்டும் என்று சாட்சியச் சட்டத்தில் 114-அ பிரிவு சேர்ந்தது. இதெல்லாம் வீதியும் நாடாளுமன்றமும் செய்தவை. இதற்கான பாராட்டை நீதிமன்றத்துக்குக் கொடுப்பது அந்தப் பெண்களுக்குச் செய்யும் அநியாயம்.

எங்கள் தர்மபுரி மாவட்டத்தில் இருந்துகொண்டு இதைப் படிக்கும்போது வாச்சாத்தி நினைவுக்கு வராமல் இருக்காது. 1992 ஜூன் 20 அன்று சீருடை அணிந்தவர்கள் மலையடிவாரத்துப் பழங்குடிக் கிராமத்தைச் சூறையாடினார்கள். பதினெட்டுப் பெண்கள் வல்லுறவுக்கு ஆளானார்கள். குற்றம் சாட்டப்பட்ட 269 பேரும் குற்றவாளிகள் என்று தர்மபுரி அமர்வு நீதிமன்றம் சொன்னது 2011இல். சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதிசெய்தது 2023இல். 2011 தீர்ப்பு வருவதற்குள்ளேயே குற்றம் சாட்டப்பட்டவர்களில் ஐம்பதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தே போயிருந்தார்கள். அரசின் ஆட்கள் குற்றவாளிகளாகவும் ஆதிவாசிப் பெண்கள் சாட்சிகளாகவும் இருக்கும்போது நீதிமன்றம் யாருடைய சொல்லை எளிதில் நம்புகிறது என்று அந்த மடல் கேட்டதல்லவா? அந்தக் கேள்வியின் கனம் இங்கே எங்களுக்குத் தெரியும்.

கட்டுரையாளர் பக்ஷியைப் பொதுநல வழக்குகளின் புகழ்பாடியாகக் காட்டியிருப்பதையும் என்னால் ஏற்க முடியவில்லை. உச்ச நீதிமன்றம் கடைசியில் இந்தியர்களுக்கான நீதிமன்றமாகிக்கொண்டிருக்கிறது என்று எண்பதுகளில் அவர் மகிழ்ந்து எழுதியது உண்மைதான். அதே கட்டுரையில், நெருக்கடி நிலைக் காலத்தில் களங்கப்பட்ட தன் பெயரை நீதிமன்றம் துடைத்துக்கொள்ளும் முயற்சியும் இதில் இருக்கிறது என்று முகத்துக்கு நேரே சொன்னவரும் அவர்தான். 1976இல் ஆட்கொணர்வு மனு போடும் உரிமையே இல்லை என்று தீர்ப்பளித்த நான்கு நீதிபதிகளில் ஒருவரான பகவதிதான் பின்னர் பொதுநல வழக்குகளுக்குக் கதவைத் திறந்துவிட்டார் என்பதை நினைத்துப் பார்த்தால் அந்த வரியின் கூர்மை புரியும். பக்ஷியும் லோதிகா சர்க்காரும் 1981இல் எழுதிய கடிதத்தையே மனுவாக ஏற்று, ஆக்ரா பெண்கள் பாதுகாப்பு இல்லத்தின் அவலத்தை நீதிமன்றம் விசாரித்தது. நல்ல காரியம். ஆனால் 1997இல் அந்த இல்லத்தைக் கண்காணிக்கும் பொறுப்பை மனித உரிமை ஆணையத்திடம் ஒப்படைக்கும்வரை அந்த வழக்கு இழுத்துக்கொண்டே போனது.

பக்ஷியின் பிற்கால நூல்கள் கடினமானவை என்பதை ஒப்புக்கொள்கிறேன். மனித உரிமைகளின் எதிர்காலம் குறித்த அவரது புத்தகத்தை எங்கள் வழக்கறிஞர் சங்கத்தில் பலர் பாதியிலேயே மூடிவைத்துவிட்டார்கள். 1979 மடல் அப்படியல்ல. சட்டக் கல்லூரி முதலாண்டு மாணவர்கூட ஒரே மூச்சில் படித்துவிடலாம். உச்ச நீதிமன்றத் தீர்ப்பை விமர்சித்தால் அவமதிப்பு ஆகிவிடாதா என்று இளம் வழக்கறிஞர்கள் என்னிடம் கேட்கிறார்கள். முடிந்துபோன வழக்கின் தீர்ப்பை நியாயமாக விமர்சிப்பது அவமதிப்பு ஆகாது என்று 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 5ஆவது பிரிவே சொல்கிறது. அதை எப்படிச் செய்வது என்று காட்ட இந்த மடலைவிட நல்ல பாடம் கிடையாது.

ஆகவே ஒரு வேண்டுகோள். திருத்தத்தை அடுத்த இதழில் வெளியிடுவதோடு, அந்த மடலை முழுமையாகத் தமிழில் வெளியிடுங்கள். 1978 தீர்ப்பின் முக்கியப் பத்திகளையும் அதன் பக்கத்திலேயே போடுங்கள். மொழிபெயர்க்க ஆள் வேண்டுமென்றால் நான் செய்து தருகிறேன். சட்டச் சொற்களைச் சரிபார்க்கச் சங்கத்தில் நண்பர்கள் இருக்கிறார்கள்.

இப்படிக்கு,
ஒரு வழக்கறிஞர்,
தர்மபுரி.