"அதே, ஆனா ஐஸ் வேண்டாம்": மாப்பிள்ளைக்கு ஒரு கடிதம்

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

மாமா எழுதுவது. முந்தாநாள் ராத்திரி பதினொன்றே காலுக்கு உன் போன் வந்ததும் ஹாஸ்டலில் என்னவோ ஏதோ என்று வாரிச் சுருட்டிக்கொண்டு எழுந்தேன். "மாமா, நாப்பத்தேழாவது லெவல்ல ஒன்பது நாளா நிக்கிறேன்" என்றாய். திட்டத்தான் வாயைத் திறந்தேன். ஆனால் தீபாவளி லீவில் வந்தபோது அந்த ஜூஸ் கடை கேமை என் போனில் ஏற்றிவிட்டுப் போனவனே நீதானே. நீ தஞ்சாவூர் பஸ் ஏறிய நாளிலிருந்து இன்றைக்குள் நான் 70ஐத் தாண்டிவிட்டேன். உன் அத்தைக்கே இது தெரியாது.

போனில் சொல்லி விளங்க வைக்கிற விஷயம் இல்லை இது. வாட்ஸ்அப்பில் எழுதினால் உங்க அம்மா கண்ணில் படும். பரீட்சை நேரத்தில் பிள்ளைக்கு கேம் சொல்லிக் கொடுக்கிறாயா என்று அக்கா என்னைத்தான் பிடிப்பாள். என் பிளாக் பக்கம் அவள் எட்டிப் பார்த்ததே கிடையாது. ஊரே படிக்கும்படி எழுதிவிட்டால் வீட்டுக்குத் தெரியாது என்று ஒரு கணக்கு.

படிக்கிற மற்றவர்களுக்கும் புரியட்டும் என்று உன் சிக்கலை முதலில் சொல்லிவிடுகிறேன். 40 லெவல் வரைக்கும் இந்த கேமில் ஒன்றுமில்லை. ஆள் வந்து உட்காருவார். விரலால் அவரை அழுத்திப் பிடித்தால் தலைக்கு மேலே சீட்டு விரியும். படித்துக்கொண்டு அதன்படி கலந்து கொடுக்க வேண்டியதுதான். விரலை எடுத்தால் சீட்டு மூடிக்கொள்ளும். பிடித்திருக்கும்போது ஊற்ற முடியாது. 41இலிருந்து, முதல் ஆளுக்கு அடுத்து வருகிறவரின் சீட்டில் படமே இருக்காது. நம் பேச்சில் சொன்னால், "அதே, ஆனா ஐஸ் வேண்டாம்" என்று மட்டும் இருக்கும். அடுத்து ஒரு பெண் வந்து, "எனக்கும் அதே, லெமன் இல்லாம" என்பாள். அதற்குள் முதல் ஆள் காசைக் கொடுத்துவிட்டுப் போயிருப்பார். அவருடைய சீட்டும் அவரோடு போயிருக்கும். அதே என்றால் எது? இந்த இடத்தில்தான் நீ ஒன்பது நாளாக நிற்கிறாய்.

அதற்குப் போகும் முன் உன் கையைப் பற்றி ஒன்று. சீட்டில் இருக்கிற வரிசையிலேயே நீ ஊற்றுகிறாய். லீவில் நீ விளையாடுவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேனே. மேலிருந்து கீழாக ஐஸ், மாம்பழம், லெமன், புதினா என்று இருக்கிறது. அது கிளாஸைப் பக்கவாட்டில் பார்க்கிற படம். அடியில் கிடப்பது புதினா. நீ ஐஸைப் போட்டுவிட்டு, பாதியில் முழித்து, கொட்டிவிட்டு மறுபடி ஆரம்பிக்கிறாய். ஒரு கிளாஸுக்கு நாலு விநாடி போச்சு. சீட்டைக் கீழிருந்து மேலே படி.

இதை நான் கேமில் கற்றுக்கொள்ளவில்லை. உன் தாத்தா காபிக் கடை வைத்திருந்த கதை உனக்குத் தெரியும், கடையை நீ பார்த்ததில்லை. மாயவரம் மணிக்கூண்டிலிருந்து நடக்கிற தூரம். நாலு பெஞ்சு, ஒரு பாய்லர், முழங்கால் உயரத்துக்கு ஒரு பித்தளை ஃபில்டர். ஒருவர் வந்து, "நல்லா ஸ்ட்ராங்கா ஒரு காபி, நுரையா, சக்கரை மட்டும் கம்மி" என்பார். தாத்தா கை நேரே சர்க்கரை டப்பாவுக்குத்தான் போகும். அவர் கடைசியாகச் சொன்னது எதுவோ அதுதான் டம்ளரில் முதலில் விழும். அதன் மேல் டிகாக்‌ஷன், அதன் மேல் பால், அப்புறம் டவராவுக்கும் டம்ளருக்குமாக ஒரே இழுப்பில் ஆற்றல். நுரை அப்போதுதான் எழும்பும். கேட்கிறவர் தன் நாக்குக்கு எது முக்கியமோ அதை முதலில் சொல்கிறார். போடுகிறவர் அடியிலிருந்து வர வேண்டியிருக்கிறது. அதனால் ஆள் பேசி முடிக்கும்வரை தாத்தா டம்ளரைத் தொட மாட்டார். பாதி கேட்டதும் நான் டிகாக்‌ஷனை ஊற்றி, பிறகு சர்க்கரையைப் போட்டுக் கரண்டியால் கலக்கி, நுரையைக் கொன்ற நாட்கள் உண்டு.

(டிகிரி காபி என்று தாத்தா போர்டு வைக்கவில்லை. பாலை லாக்டோமீட்டர் வைத்துப் பார்த்து, தண்ணீர் கலக்காத பாலில் போட்டதால் டிகிரி என்று பெயர் வந்தது என்பார்கள். இப்போது நெடுஞ்சாலையில் பத்துக் கிலோமீட்டருக்கு ஒரு கும்பகோணம் டிகிரி காபி இருக்கிறது. டவரா மட்டும் நன்றாகப் பளபளக்கிறது.)

சரி, 'அதே'வுக்கு வருவோம்.

நாளைக்கு ஐப்பசி கடைசி நாள், காவிரியில் குளிக்கிற கடைமுழுக்கு. துலாக்கட்டப் படித்துறையில் இன்றைக்கே கூட்டம் சேர்ந்துவிட்டது, கடைவீதியில் வண்டி நகரவில்லை. தாத்தா காலத்தில் கடைமுழுக்கு அன்று விடியற்காலை மூன்று மணிக்கே பாய்லரைப் பற்ற வைத்தாக வேண்டும். காவிரியில் முங்கி எழுந்து ஈரத் தலையும் விபூதியுமாகக் கும்பல் கும்பலாக வருவார்கள். ஒரு வேன் ஆட்கள் பன்னிரண்டு பேர் ஒரே சமயத்தில் சொல்வார்கள். நான் கல்லாப் பக்கத்தில் நின்று பன்னிரண்டையும் விரல் விட்டு எண்ணிக்கொண்டிருப்பேன். தாத்தா மாஸ்டரிடம் ஒரே வரியில் முடித்துவிடுவார்: "பன்னெண்டு. ரெண்டு வித்தவுட், ஒண்ணு லைட்டு."

மீதி ஒன்பதைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை, நினைக்கவும் இல்லை. அவை கடைக்கு வழக்கமான காபி. வழக்கத்திலிருந்து விலகிய மூன்றை மட்டும் பிடித்துக்கொண்டார். அதையும் மண்டையில் ஏற்றிக்கொள்ள மாட்டார். வித்தவுட் டம்ளர் இரண்டையும் பலகையின் இடது ஓரத்துக்கும், லைட்டை வலது ஓரத்துக்கும் நகர்த்தி வைப்பார். டம்ளர் நிற்கிற இடமே ஆர்டரைச் சொல்லிவிடும்.

நீ ஒவ்வொரு சீட்டையும் முழுசாக மனப்பாடம் செய்யப் பார்க்கிறாய். அப்படிச் செய்தால் மூன்றாவது ஆளோடு தடுமாற்றம்தான். முதல் ஆளின் சீட்டை மட்டும் முழுசாக வைத்துக்கொள், அதையும் ஒரே சொல்லாக. அடியிலிருந்து புதினா, லெமன், மாம்பழம். முதல் எழுத்தின் மெய்யை மட்டும் பிடித்துக் கோத்தால் ப, ல, ம. பலம்! ஐஸ் எல்லோருக்கும் உண்டு, அதனால் ஐஸை நினைக்கவே வேண்டாம். வேண்டாம் என்கிறவர் வந்தால் பார்த்துக்கொள்ளலாம். இப்படி நாலு சரக்கு ஒரு சொல்லாகச் சுருங்கிவிடுகிறது. சில லெவலில் சொல் வராது, 'மபசு' மாதிரி ஏதாவது கிடைக்கும். அசட்டுச் சொல்தான் இன்னும் நன்றாக நினைவில் நிற்கிறது.

இது மாமாவின் குறுக்கு வழி மட்டும் இல்லை. எரிக்சன், போல்சன் என்று இரண்டு உளவியல்காரர்கள் 1988இல் ஓர் அமெரிக்க உணவக ஊழியரைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். ஆளின் பெயரைச் சொல்லாமல் ஜேசி என்று மட்டும் குறிப்பிட்டார்கள். இருபது பேருடைய சாப்பாட்டு ஆர்டரை ஒரு துண்டுக் காகிதம் இல்லாமல் வைத்துக்கொள்வாராம். ஆள் ஆளாக வைத்துக்கொள்ளவில்லை, வகை வகையாகப் பிரித்துக்கொண்டார். சாலட் மேலே ஊற்றுகிற சாஸ்களின் முதல் எழுத்துகளைக் கோத்து ஒரு சொல். இறைச்சி எவ்வளவு வேக வேண்டும் என்பதற்கு, ஏறி இறங்குகிற கோடு மாதிரி ஒரு படம். தாத்தா வலது ஓரம், இடது ஓரம் என்று செய்ததை அவர் மனசுக்குள் செய்திருக்கிறார்.

இனி உன் 47க்கு வருகிறேன். முதல் ஆள்: பலம். இரண்டாவது ஆள்: அதே, ஐஸ் வேண்டாம். மூன்றாவது பெண்: எனக்கும் அதே, லெமன் இல்லாம. நீ அவளுக்குப் புதினா, மாம்பழம், மேலே ஐஸ் வைத்துக் கொடுத்தாயா இல்லையா? அவள் முகம் சிவந்து எழுந்து போனாளா? அவள் சொன்ன 'அதே' முதல் ஆளைப் பற்றியது இல்லை மாப்பிள்ளை. தனக்குச் சற்று முன்னால் கேட்டவரைச் சொல்கிறாள். அவர் ஐஸ் வேண்டாம் என்றார். ஆகவே அவளுக்கும் ஐஸ் கிடையாது, அதற்கு மேல் லெமனும் கிடையாது. ஒவ்வொரு 'அதே'யும் முன்னால் இருப்பவரின் கழித்தலையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டு வருகிறது.

எனக்கு இது உடனே பிடிபட்டதற்குக் காரணம் வேறு. பன்னிரண்டு வயதில் இதே தப்பைக் கடையில் செய்திருக்கிறேன். வாடிக்கையாக வருகிற மூன்று பேர். முதலாமவர் வித்தவுட் என்றார். அடுத்தவர், "எனக்கும் அதே, கொஞ்சம் லைட்டா." மூன்றாமவர் பேப்பரை மடிக்காமலே, "அப்படியே எனக்கும்" என்றார். என் காதில் கடைசியாக விழுந்தது லைட்டு. மாஸ்டரிடம் போய், "ஒரு வித்தவுட், ஒரு வித்தவுட் லைட்டு, ஒரு லைட்டு" என்று சொல்லிவிட்டேன். மூன்றாமவர் சர்க்கரைக்கு மாத்திரை சாப்பிடுகிறவர். ஒரு வாய் குடித்தார், டம்ளரை அப்படியே டவராவில் வைத்தார், என்னை ஒரு பார்வை பார்த்தார். சத்தம் போடவில்லை. தாத்தா வந்து டம்ளரை எடுத்துக்கொண்டு போய் வேறு காபி போட்டுக் கொடுத்தார். அன்று முழுக்க நான் கல்லாப் பக்கமே தலை வைக்கவில்லை, பாத்திரம் கழுவுகிற இடத்தில் நின்றுகொண்டேன்.

அதனால் 'அதே' வரும்போது பழைய சொல்லுக்குத் திரும்பிப் போகாதே. கடைசியாக என்ன சொல் நின்றதோ அதைத் திருத்திக்கொண்டே வா. பலம். பலம், ஐஸ் இல்லை. பம், ஐஸ் இல்லை. நாலாவது ஆள் "அதே, ஐஸ் போட்டு" என்றால் பம். முன்னால் இருந்த சொல்லைத் தூக்கிப் போட்டுவிடு, அது இனி தேவைப்படாது.

இன்னொரு சந்தேகமும் கேட்டாய்: பக்கத்து நாற்காலிக்காரர் ஒரு வரிசை, முன்னால் வந்தவர் ஒரு வரிசை, இதில் எது என்று. வந்த வரிசைதான். உட்காரும் இடம் வெறும் ஏமாற்று. இதைத் தெரிந்துகொள்ள ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஆறு உயிரைத் தியாகம் செய்தேன். இன்னொன்றையும் அன்றைக்கே சோதித்தேன். ஒருவருக்கு வேண்டுமென்றே லெமனுக்குப் பதில் மாம்பழம் ஊற்றினேன், அவர் கோபித்துக்கொண்டு போனார். அடுத்தவர் 'அதே' என்றார். நான் கொடுத்த தப்பான ஜூஸையே அவருக்கும் கொடுத்தேன், அவரும் போனார். மறுபடி அதே லெவல், இந்தத் தடவை முன்னவர் கேட்டதைக் கொடுத்தேன், காசு விழுந்தது. ஆக 'அதே' என்பது முன்னவர் கேட்டதைத்தான், நீ கொடுத்ததை இல்லை. கையில் தப்பு நேர்ந்தாலும் சொல்லை மாற்றிவிடாதே.

சோடாவைச் சீக்கிரம் சொல்லி முடிக்கிறேன். 44க்குப் பிறகு சோடா வந்தால் குலுக்கி முடித்த பின்தான் ஊற்ற வேண்டும், சீட்டில் அது எங்கே இருந்தாலும் சரி. முதலில் ஊற்றிக் குலுக்கினால் பொங்கி வழிந்து ஒரு உயிர் போகும். லெமன் சோடாவில் உப்பைப் போட்டதும் பொங்கிச் சட்டையெல்லாம் நனைத்துக்கொண்டவனுக்கு இதை எழுதிக் காட்ட வேண்டியதில்லை. பூம்புகார் போன அன்று நீதான்.

நீ ஏன் இவ்வளவு மெதுவாகச் சீட்டைப் படிக்கிறாய் என்றும் யோசித்தேன். இந்தோனேசியாக்காரர்கள் 2020இல் வெளியிட்ட காபி டாக் என்கிற காபிக் கடை கேமை கம்ப்யூட்டரில் விழுந்து விழுந்து விளையாடினாயே, அந்தப் பழக்கம். அதில் மூன்றே சரக்கு, முதலில் போடுவது அடிப்படை, துரத்துகிற கடிகாரம் கிடையாது. வருகிறவர்கள் மழையைப் பார்த்துக்கொண்டு மணிக்கணக்காகக் கதை பேசுவார்கள். அது நல்ல கடை. இது பஸ் ஸ்டாண்டு கடை. இங்கே சீட்டைப் பிடித்துக்கொண்டிருக்கிற ஒவ்வொரு விநாடியும் மற்ற இரண்டு பேரின் பொறுமை இறங்குகிறது. ஒரு தடவை பார், விரலை எடு, ஊற்று. மறந்துபோனால் மறுபடி பிடித்துப் பார்ப்பதற்குப் பதில் தெரிந்தவரை ஊற்றிவிட்டு அப்புறம் பார். அடிப்பகுதியாவது உள்ளே விழுந்திருக்கும்.

நேற்று நீ அனுப்பிய ஸ்கிரீன்ஷாட்டில் இன்னொன்றும் கண்ணில் பட்டது. மேடையில் மூன்று கிளாஸ் வைக்க இடம் இருக்கிறது, நீ நடுவில் ஒன்றை மட்டும் வைத்து வேலை பார்க்கிறாய். ஐஸ் வேண்டாம் என்கிறவரின் கிளாஸை இடது ஓரத்தில் வை.

எனக்கு இப்போது 73இல் ஒரு கிழவி வந்து உட்கார்ந்திருக்கிறாள். அன்றுதான் முதல் தடவையாக வருகிறாள். சீட்டை விரித்தால், "வழக்கம்போல" என்று இருக்கிறது. முன்னால் யாரும் இல்லை, கடையில் அவள் ஒருத்திதான். நாலு நாளாக என்னென்னவோ கலந்து கொடுத்துப் பார்த்துவிட்டேன், எல்லாவற்றையும் தள்ளிவிட்டு எழுந்து போகிறாள். நேற்று வெறும் தண்ணீர் கொடுத்தேன், அதற்கும் போய்விட்டாள். பரீட்சை முடிந்ததும் வந்து அவளைக் கொஞ்சம் பார். இந்த வாரம் வேண்டாம், உங்க அம்மா என்னைக் கொன்றுவிடுவாள்.

அன்புடன்,
மாமா